நத்தை எந்தப் பக்கம் போகிறது

நான் வேலை செய்த நூலகத்தின் சிறுவர் பகுதியில் தமிழுக்கென்று ஒரேயொரு தட்டு இருந்தது. அதிலிருந்த புத்தகங்களை எந்தப் பிள்ளையும் வீட்டுக்கு எடுத்துப் போனதாக எனக்கு நினைவில்லை. சென்னையிலிருந்து மொத்தமாக வருவித்தவை. தாள் அவ்வளவு மெல்லியது, ஒரு பக்கத்து எழுத்து மறுபக்கத்தில் தெரியும். ஒவ்வொரு கதையின் முடிவிலும் பொய் சொல்லாதே, பெற்றோருக்குக் கீழ்ப்படி என்று ஒரு கட்டளை இருக்கும். கிழக்கு லண்டனில், பிளேஸ்டோவிலும் மனோர் பார்க்கிலும் வளர்கிற பிள்ளைகள் ஒரு பக்கத்தைத் திறந்து பார்த்துவிட்டு, சூடான எதையோ தொட்டதுபோல் திருப்பி வைத்துவிடுவார்கள். நான் ஊரில், யாழ்ப்பாணத்தில், ஆசிரியையாக இருந்தவள். அந்தத் தட்டைத் தூசி தட்டும்போதெல்லாம் எனக்கு எரிச்சல் வரும். பிள்ளைகளில் இல்லை, புத்தகங்களில்.

எண்பதுகளின் கடைசியில் ஒரு வசந்த காலம். எங்கள் நூலகப் பொறுப்பாளர், நல்ல மனமும் கொஞ்சம் அவசரப் புத்தியும் உள்ள ஓர் ஆங்கிலேயப் பெண்மணி, தாய்மொழிக் கதை வாரம் ஒன்றை ஏற்பாடு செய்தார். ஒவ்வொரு நாளும் ஒவ்வொரு மொழியில் கதை. நூலகத்தை நடத்தும் உள்ளூராட்சிக் கவுன்சிலில் யாரோ ஒருவர் எபிரேய மொழியையும் சேர்த்துவிட்டார். கிழக்கு லண்டனில் யூதர்கள் இருந்தார்களே என்ற நினைப்பு. அவர்கள் வடக்கே குடிபெயர்ந்து ஒரு தலைமுறை ஆகிவிட்டதை அவருக்கு யாரும் சொல்லவில்லை.

அப்படித்தான் எபிரேயத்தில் சிறுவர் கதை எழுதும் ஒரு பெண் எழுத்தாளர் வந்தார். அறுபதை ஒட்டிய வயது. குட்டையாக வெட்டிய நரைமுடி, மழைக்கோட்டு, பின்னால் இழுத்துவந்த, கடைக்குக் கொண்டுபோகிற சக்கரப் பையில் அவர் எழுதிய புத்தகங்கள். பாயில் உட்கார்ந்திருந்தவை எங்கள் தமிழ்ப் பிள்ளைகள், வங்காளிப் பிள்ளைகள், தாயைத் தொலைத்துவிட்டு அழுதுகொண்டிருந்த ஓர் ஐரிஷ் குழந்தை. எபிரேயம் தெரிந்த ஒருவரும் இல்லை.

பொறுப்பாளர் முகம் சிவந்து, "ஆங்கிலத்தில் வாசித்துவிடுகிறீர்களா?" என்று கேட்டார்.

"ஆங்கிலத்தில் வாசிக்க உங்களுக்கு ஊரெல்லாம் ஆள் கிடைக்கும்," என்றார் அவர். எபிரேயத்திலேயே வாசிக்கத் தொடங்கினார்.

அது ஒரு நத்தையின் கதை. அந்த நத்தை தன் பிறந்தநாளுக்குக் கடலை அழைக்கப் புறப்படுகிறது. வழியில் ஒரு தவளை, ரொட்டி சுடுகிற ஒரு பாண் கடைக்காரர், ஒரு மழை. போய்ச் சேர்வதற்குள் ஒரு வருடம் ஓடி, அடுத்த பிறந்தநாளே வந்துவிடுகிறது. வீடு முதுகிலேயே இருப்பதால் கொண்டாட்டத்தைக் கடற்கரையிலேயே வைத்துக்கொள்கிறார்கள். இது எதுவும் அன்று எங்களுக்குத் தெரியாது. ஆனால் அவர் தவளையின் குரலில் பேசியபோது பாயில் இருந்த அத்தனை பேரும் சிரித்தார்கள். ஐரிஷ் குழந்தைகூட அழுகையை நிறுத்தியது. ஏழு வயதான என் மகள் என் கையைச் சுரண்டி, "அம்மா, அவர் ஏன் புத்தகத்தைப் பின்னாலிருந்து வாசிக்கிறார்?" என்று ஆங்கிலத்தில் கேட்டாள். எபிரேயப் புத்தகம் வலதுபுறம் தொடங்கி இடதுபுறம் போகும் என்பது எனக்கும் அப்போதுதான் உறைத்தது.

கதை முடிந்ததும் அவர் நேராக எங்கள் தட்டுக்கு வந்தார். ஒரு தமிழ்ப் புத்தகத்தை எடுத்துப் படங்களைப் புரட்டினார்.

"இதில் யாராவது எங்காவது சிரிக்கிறார்களா?" என்று என்னிடம் கேட்டார்.

"இல்லை," என்றேன்.

"அப்படியானால் என்னுடையதை மொழிபெயருங்கள்."

இப்படித்தான் தொடங்கியது. நாங்கள் இருவரும் பேசியது ஆங்கிலத்தில். இங்கே நான் தமிழில் எழுதுகிறேன்.

வியாழக்கிழமை எனக்கு விடுமுறை. மனோர் பார்க்கில் ரயில் ஏறி, லிவர்பூல் ஸ்ட்ரீட்டில் இறங்கி, மூர்கேட்டுக்கு நடந்து, அங்கிருந்து வடக்கே போகும் பாதாள ரயிலில் எழுத்தாளர் இருந்த கோல்டர்ஸ் கிரீன். என் கணவருக்கு இது பிடிக்கவில்லை. "கிழமையிலை ஒருநாள் லீவு. அதையும் லண்டனைச் சுத்தி வந்து முடிக்கிறீர். ஆர் இதை வாசிக்கப் போகினம்?" என்று கேட்பார். அதே கேள்வியை நானும் ரயிலில் என்னையே கேட்டுக்கொண்டதுண்டு. அதனாலேயே கோபம் வரும்.

எழுத்தாளரின் வீட்டுச் சமையலறை மேசையில்தான் வேலை. அவர் ஒவ்வொரு வரியையும் ஆங்கிலத்தில் விளக்க, நான் தமிழில் எழுதுவேன். மேசை முழுக்க அகராதிகள். ஜன்னல் ஓரத்தில் ஒரு பெரிய வானொலிப் பெட்டி. அதில் அவர் தன் நாட்டுச் செய்தியை எபிரேயத்தில் கேட்பார். செய்திக்காக அல்ல, சொற்களுக்காக. புதிதாக ஒரு சொல் காதில் விழுந்தால் ரொட்டி வெட்டுகிற கத்தியைக் கீழே வைத்துவிட்டு எழுதிக்கொள்வார்.

அவர் பிறந்தது ஐரோப்பாவின் கிழக்கே, வீட்டில் ஜெர்மன் பேசுகிற ஒரு குடும்பத்தில். எட்டு வயதில் தாயோடு கப்பலேறி ஹைஃபா துறைமுகத்தில் இறங்கினார். அவர்களோடு வராத உறவினர் யாரும் பிறகு உயிரோடு இருக்கவில்லை. அதன்பின் ஜெர்மன் பேசுவதில்லை என்று அந்தச் சிறுமி முடிவெடுத்தாள். தாய் ஜெர்மனில் கேட்பார், மகள் எபிரேயத்தில் பதில் சொல்வாள். தாய் சாகும்வரை அப்படியே. எபிரேயத்தை அவர் பள்ளியில் கற்றதைவிட, மாடியில் துணி காயப்போடுகிற இடத்தில் மற்றப் பிள்ளைகளோடு சண்டை பிடித்துக் கற்றதுதான் அதிகம். பிறகு பாலர் பள்ளி ஒன்றில் வேலை. அங்கே பிள்ளைகளுக்குச் சொல்லக் கதை போதாமல் தானே எழுதத் தொடங்கினார். லண்டனிலிருந்து வந்த ஒரு பல் வைத்தியரைத் திருமணம் செய்து, இரண்டு வருடத்தில் திரும்பிவிடலாம் என்று இங்கே வந்தார். இங்கேயே கணவரை அடக்கமும் செய்தார்.

இங்கே இருந்துகொண்டே எழுதினார். ஆங்கிலத்தின் புகழ்பெற்ற சிறுவர் கதைகள் பலவற்றை எபிரேயத்துக்குக் கொண்டுபோனதும் அவர்தான். அவருடைய நாட்டில் ஒரு தலைமுறையே அந்தக் கதைகளை அவர் சொற்களில்தான் கேட்டு வளர்ந்திருந்தது. லண்டனிலோ அவரை யாருக்கும் தெரியாது. அண்டை வீட்டாருக்கு அவர் பல் வைத்தியரின் விதவை, அவ்வளவுதான்.

"இங்கே இருக்கிற எங்கள் ஆட்களுக்கு எபிரேயம் கடவுளோடு பேசுகிற மொழி," என்றார் ஒருமுறை. "நான் அதில் தவளையோடு பேசுகிறேன். அவர்களுக்கு என்னைப் பார்த்தால் பாவமாக இருக்கிறது."

அவருடைய மகன் வங்கியில் பெரிய வேலையில் இருந்தார். பிரார்த்தனைகளைத் தலைகீழாகச் சொல்வார். தாயின் ஒரு கதையைக்கூட எபிரேயத்தில் வாசித்ததில்லை, பேச்சு எபிரேயம் அவருக்கு விளங்காது. இதை எழுத்தாளர் சொன்னபோது நான் என் மகளைப் பற்றிச் சொன்னேன். நான் தமிழில் கேட்டால் அவள் ஆங்கிலத்தில் பதில் சொல்கிறாள் என்று. அவர் சிரிக்கவில்லை. "என் தாயின் முகம் எப்படி இருந்திருக்கும் என்று இப்போதுதான் யோசிக்கிறேன்," என்றார். பிறகு, "சரி, தவளைக்கு வாருங்கள்," என்றார்.

தவளைதான் எங்களைப் படாத பாடு படுத்தியது. எபிரேயத்தில் தவளை பெண்பால். நத்தை ஆண்பால். கடலும் ஆண்பால். வினைச்சொல்லே அதைச் சொல்லிவிடும். தமிழில் எல்லாம் 'அது'. பேசுகிற தவளையை 'அவள்' என்று எழுதலாம் என்று நான் சமாதானம் செய்தேன். அப்போது வேறொரு பிரச்சினை முளைத்தது.

"தவளைக்கு எத்தனை வயது?" என்று கேட்டேன்.

"என்ன?"

"நத்தையைவிட மூத்தவளா, இளையவளா? அது தெரியாமல் தமிழில் ஒருவரை ஒருவர் கூப்பிட முடியாது. அக்காவா, தங்கச்சியா, வெறும் நீயா?"

அவர் எழுதுகோலை வைத்துவிட்டு என்னையே பார்த்தார். "இந்தப் புத்தகம் வந்து இருபது வருடமாகிறது. ஒருவரும் இதை என்னிடம் கேட்டதில்லை," என்றார். அன்றைய பொழுது முழுவதும் தவளையின் வயதைப் பற்றி வாக்குவாதம். கடைசியில் அவள் மூத்தவளும் இல்லை, இளையவளும் இல்லை, அயல்வீட்டுக்காரி என்று முடிவாயிற்று. எங்கள் யாழ்ப்பாணத்தில் அதற்கென்றே 'நீர்' என்று ஒரு சொல் இருக்கிறது. 'நீ'யைவிட மரியாதை, 'நீங்கள்' அளவுக்குத் தூரம் இல்லை. "எங்கை போறீர்?" என்று தவளை நத்தையைக் கேட்டாள். அவ்வளவு நாளும் கட்டை போலக் கிடந்த தமிழ் அந்த ஒரு வரியில் எழுந்து உட்கார்ந்தது. நான் அதைத் தவளையின் குரலில் வாசித்துக் காட்டினேன். அவருக்கு ஒரு சொல்லும் விளங்காது. ஆனாலும், "இவள்தான். இவளேதான்," என்று மேசையில் தட்டினார்.

அந்தச் சந்தோஷம் ஒரு மாதம் நீடித்திருக்கும்.

கவுன்சிலின் இருமொழிப் புத்தகத் திட்டத்தில் எங்கள் கதையைச் சேர்க்கப் பொறுப்பாளர் ஏற்பாடு செய்திருந்தார். மேலே தமிழ், கீழே ஆங்கிலம். அதற்கு ஒரு குழு சம்மதிக்க வேண்டும். குழுவில் தமிழ் தெரிந்தவர் ஒரே ஒருவர், மதுரைப் பக்கத்திலிருந்து வந்த ஒரு டாக்டர் அம்மா. அன்பானவர். என் பிரதியைக் கையில் வைத்துக்கொண்டு சிரித்தார்.

"ஆமா, என்னங்க இது, தவளை, ராஜா காலத்து நாடகம் மாதிரி பேசுது? போறீர், வாறீர்னு. இதெல்லாம் குழந்தைங்களுக்குப் புரியுமா?"

"எங்கட வீடுகளிலை இப்பிடித்தான் கதைக்கிறது," என்றேன்.

"வீட்ல பேசறது வேற. புத்தகம்னா எல்லாருக்கும் பொதுவா இருக்கணும் இல்லையா? 'எங்கே போகிறாய்'னு மாத்திடுங்களேன். நத்தை 'வாறன்'னு சொல்றதை 'வருகிறேன்'னு போட்டுடுங்க. அழகா இருக்கும்."

நான் வாதாடினேன். அவரும் விடவில்லை. பொறுப்பாளர் ஒன்றும் விளங்காமல் இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். ஒரே மொழிக்குள் இவ்வளவு சண்டையா என்று அவருக்கு வியப்பு. கடைசியில் நான் நத்தையின் 'வாறன்'ஐ விட்டுக்கொடுத்து, தவளையின் 'போறீர்'ஐக் காப்பாற்றினேன். வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அந்த 'வாறன்'ஐ வாய்க்குள் சொல்லிக்கொண்டே வந்தேன். வடக்கே போய் எழுத்தாளரிடம் இதைச் சொன்னபோது அவர் ஒரே கேள்விதான் கேட்டார்: "உங்கள் மகள் எதைச் சொல்வாள்? வாறன் என்றா, வருகிறேன் என்றா?"

"ஐ ஆம் கமிங் என்பாள்," என்றேன்.

அவர் முதலில் சிரித்தார். பிறகு தன் பங்குக்கு ஒரு கடிதத்தை எடுத்துக் காட்டினார். டெல் அவீவிலிருந்து அவருடைய பதிப்பாளர் அனுப்பியது. அவருடைய புதிய கதையில் வரும் பிள்ளைகள் ஐம்பதுகளின் பிள்ளைகள் போலப் பேசுகிறார்கள், இப்போது யாரும் அப்படிப் பேசுவதில்லை என்று எழுதியிருந்தார்கள். வருடத்துக்கு ஒருமுறை அங்கே போகும்போது அவர் விளையாட்டுத் திடல்களுக்கு அருகே வாங்கில் உட்கார்ந்து பிள்ளைகளின் பேச்சை ஒட்டுக்கேட்பார். போனமுறை ஒரு தாய் வந்து, இங்கே என்ன செய்கிறீர்கள் என்று அதட்டிவிட்டுப் பிள்ளையை இழுத்துக்கொண்டு போனாராம்.

"நான் இங்கே உட்கார்ந்து பழுதாகிக்கொண்டிருக்கிறேன்," என்றார். "பாலைப் போல."

அடுத்த தொல்லை பின்னட்டையால் வந்தது. அதில் போடுவதற்கு குழு ஒரு வாசகத்தை எழுதி அனுப்பியிருந்தது: வீடிழந்து அலையும் அகதிகளின் துயரத்தைச் சொல்லும் கதை. எழுத்தாளர் அதை வாசித்துவிட்டு மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார்.

"இது ஒரு நத்தை. பிறந்தநாளுக்கு ஆள் அழைக்கப் போகிறது. அதன் வீடு தொலையவில்லை, முதுகில் இருக்கிறது."

பொறுப்பாளர் மெல்லச் சொன்னார், "உங்கள் இருவருடைய வாழ்க்கையையும் பார்த்தால்..."

"எங்கள் வாழ்க்கையை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்," என்றார் அவர். "ஒரு ஆங்கிலேயர் முயலைப் பற்றி எழுதினால் அது முயல். நான் நத்தையைப் பற்றி எழுதினால் மட்டும் அது அகதியா?"

நான் உள்ளுக்குள் கை தட்டினேன். எங்களைப் பார்க்கிற எவரும் முதலில் துயரத்தைத்தான் தேடுவார்கள். அதைக் கொடுக்காவிட்டால் ஏமாந்துபோவார்கள். என் மகள் தவளையைக் கேட்டுச் சிரித்ததற்காகத்தான் நான் இதைத் தொடங்கினேன். அந்த வாசகம் நீக்கப்பட்டது. அதற்குப் பல மாதங்கள் பிடித்தன.

அச்சடிக்கும் வேலையைப் பிளேஸ்டோவில் எங்கள் ஊர்க்காரர் ஒருவர் எடுத்தார். கல்யாணக் கார்ட்டுகளும் பூப்பெய்திய பிள்ளைகளின் சாமத்திய வீட்டு அழைப்பிதழ்களும் அடிக்கிற சின்ன அச்சகம். அப்போதுதான் கணினியில் தமிழ் எழுத்து அடிக்கத் தொடங்கியிருந்தார். நான் ஊரில் ஆசிரியையாக இருந்ததால் என்னை "ரீச்சர்" என்றே கூப்பிடுவார்.

முதல் அச்சுப் பிரதியைப் பார்த்து எனக்குத் தலை சுற்றியது. மூலப் புத்தகத்தில் நத்தை வலமிருந்து இடமாகப் போகும். பக்கமும் அப்படித்தான் புரளும். தமிழ்ப் பக்கம் மறுபுறமாகப் புரளும். படத்தை மட்டும் அப்படியே விட்டிருந்தார். ஆகவே கதை முன்னே போக, நத்தை ஒவ்வொரு பக்கத்திலும் திரும்பி வீட்டை நோக்கிப் போய்க்கொண்டிருந்தது.

"அண்ணை, நத்தை கடலுக்கெல்லோ போகவேணும். இது திரும்பி வருது," என்றேன்.

அவர் உற்றுப் பார்த்தார். "ஓம் ரீச்சர். படத்தைத் திருப்பிப் போட்டால் சரிதானே. அது பெரிய வேலையில்லை."

திருப்பிப் போட்டார். நத்தை சரியாகப் போனது. ஆனால் பாண் கடையின் பெயர்ப் பலகையில் இருந்த எபிரேய எழுத்துகள் கண்ணாடியில் பார்ப்பதுபோல் இடம்வலம் மாறி நின்றன. படம் வரைந்தவர் உயிரோடு இல்லை. எழுத்தாளரே பலகைக்கு வெள்ளை பூசினார். அதன் மேல் நான் என் கையெழுத்தில் 'பாண் கடை' என்று எழுதினேன். அந்தப் புத்தகத்தில் எனக்கு முழுத் திருப்தி தந்த இடம் அது ஒன்றுதான்.

பிறகு ஒரு கார்த்திகை மாதத்தில் பெட்டிகள் நூலகத்துக்கு வந்து இறங்கின. எழுத்தாளரும் வந்திருந்தார், நல்ல உடுப்பு உடுத்திக்கொண்டு. பொறுப்பாளர் கேக் வாங்கியிருந்தார். நான் நாடாவை வெட்டி ஒரு புத்தகத்தை எடுத்தேன். நிறம் அழகாக விழுந்திருந்தது. திறந்தேன். முதல் பக்கமாகக் கடைசிப் பக்கம் இருந்தது. நத்தை கடற்கரையில் கேக் வெட்டிக்கொண்டிருந்தது.

புத்தகத்தை வலது பக்கத்தில் கட்டியிருந்தார்கள். எபிரேயப் புத்தகம் போலவே. தமிழை வாசிக்க வேண்டுமானால் பின்னாலிருந்து தொடங்கிப் பக்கங்களை மறுபுறம் புரட்ட வேண்டும். அப்படிப் புரட்டினால், நாங்கள் அவ்வளவு பாடுபட்டுத் திருப்பிய நத்தை மறுபடியும் திரும்பி வீட்டுக்கே போய்க்கொண்டிருந்தது. எல்லாப் புத்தகமும் அப்படித்தான்.

எழுத்தாளர் என் கையிலிருந்து அதை வாங்கிப் பார்த்தார். ஒரு வார்த்தை சொன்னார். எனக்கு விளங்காத மொழி. ஆனால் எபிரேயம் இல்லை என்பது மட்டும் தெரிந்தது. ரயிலடிக்கு நடக்கும்போது, "அது ஜெர்மன்," என்றார். "அந்த மாதிரி வசவு எபிரேயத்தில் எனக்குத் தெரியாது. தாத்தா சொல்வது. இவ்வளவு காலமும் எங்கே இருந்ததோ."

மறுநாள் நான் பிளேஸ்டோவுக்குப் போய்ச் சத்தம் போட்டேன். அச்சகக்காரர் கையைப் பிசைந்தார்.

"ரீச்சர், நீங்கள்தானே அந்த எபிரேயப் புத்தகத்தை, இது மாதிரி வேணும் எண்டு தந்தனீங்கள். நான் அதைத்தான் கட்டுற இடத்துக்கு மாதிரிக்கு அனுப்பினன். அவங்கள் அப்பிடியே பார்த்துக் கட்டிப் போட்டாங்கள்."

"நான் தந்தது நிறத்துக்கு, அண்ணை! தாளுக்கு!"

"அது அவங்களுக்குத் தெரியேல்லை. எனக்கும் அந்த நேரம் ஓடேல்லை."

மறுபடி அச்சடிக்கலாமா என்று பொறுப்பாளர் மேலே கேட்டார். அடுத்த வருடம் பார்ப்போம் என்றார்கள். அடுத்த வருடம் அந்தத் திட்டமே இல்லை.

பெட்டிகளை எழுத்தாளரின் வீட்டுக்குக் கொண்டுபோகச் சொன்னவர் அவரேதான். தானே செய்து பார்த்து வழியைக் கண்டுபிடித்திருந்தார். புத்தகத்தின் முதுகில் இருக்கிற கம்பியைக் கழற்றி, மடிப்போடு தாளை வெட்டி, ஒற்றை ஒற்றைத் தாளாக அடுக்கி, இடது ஓரத்தில் நீளமான ஸ்டேப்ளரால் குத்தினால் தமிழ்ப் புத்தகம் ஆகிவிடும். ஓரத்து எழுத்து கொஞ்சம் கம்பிக்குள் மாட்டிக்கொள்ளும். அட்டை கொஞ்சம் விறைக்கும். ஆனால் நத்தை கடலுக்குப் போகும்.

அந்தக் குளிர்காலம் முழுவதும் வியாழக்கிழமைகளில் இதுதான் வேலை. எங்கள் விரல்களெல்லாம் தாள் அறுத்த கீறல். ஒருநாள் அவருடைய மகன் வந்தார். தாய் தன் சொந்தப் புத்தகத்தைக் கத்தியால் கிழித்துக்கொண்டிருப்பதைப் பார்த்து வாசலிலேயே நின்றுவிட்டார்.

"அம்மா, யாரையாவது கூப்பிட்டுச் செய்விக்கலாமே."

"யாரை? எந்தப் பக்கம் முன்பக்கம் என்று உனக்குத் தெரியுமா?"

அவர் ஒரு தாளை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். தெரியவில்லை. கோட்டைக் கழற்றிவிட்டு உட்கார்ந்து, தாய் சொன்னபடி கம்பி கழற்றினார். வேலை தெரியாத கை. ஆனாலும் இருட்டும் வரை இருந்தார்.

எல்லாவற்றையும் எங்களால் திருத்த முடியவில்லை. திருத்தியது முக்கால்வாசி இருக்கும். அவற்றை நூலகங்களுக்கும் வாரக் கடைசித் தமிழ்ப் பள்ளிகளுக்கும் கொடுத்தோம். ஒரு பள்ளியில் ஓரத்து எழுத்துத் தெரியவில்லை என்று திருப்பி அனுப்பினார்கள். இன்னொன்றில் கொச்சைத் தமிழ் என்று அலமாரியில் வைத்துப் பூட்டினார்கள். ஆனால் எங்கள் நூலகத்துத் தட்டிலிருந்து முதல்முறையாகத் தமிழ்ப் புத்தகம் வெளியே போயிற்று. சில பிள்ளைகள் அட்டை கழரும் வரை வைத்திருந்தார்கள். என் மகளுக்குத் தவளையின் வரி வாயில் ஒட்டிக்கொண்டது. ஒருநாள் வேலைக்குப் புறப்பட்ட தகப்பனைப் பார்த்து, "அப்பா, எங்கை போறீர்?" என்று கேட்டுவிட்டாள். அவர் திகைத்து நின்றார். தகப்பனை யாரும் அப்படிக் கேட்பதில்லை.

"இதுதான் நீர் படிப்பிச்ச தமிழோ?" என்று என்னிடம் பாய்ந்தார்.

"தமிழிலை கேட்டவள்தானே," என்றேன்.

அவர் சப்பாத்தைப் போட்டுக்கொண்டு போனார். பஸ் நிறுத்தம் வரை சிரித்துக்கொண்டே போனதாக நெடுநாள் கழித்துச் சொன்னார்.

இன்னொன்றும் நடந்தது. கதையின் முடிவில் நத்தை போய்ச் சேர்ந்ததும் கடல் எபிரேயத்தில் சாதாரணமாக ஒரு வணக்கம்தான் சொல்லும். நான் தமிழில் "வந்திட்டீரோ?" என்று எழுதியிருந்தேன். அதற்கு என்ன பொருள் என்று எழுத்தாளர் கேட்டார். வந்தாகிவிட்டது என்று கண்ணால் பார்த்துக்கொண்டே கேட்கிற கேள்வி, பதிலுக்காகக் கேட்பதில்லை என்றேன். அவர் எழுந்து அடுப்படிக்கும் ஜன்னலுக்கும் நடந்தார். "நான் எழுதியிருக்க வேண்டியது அதுதான்," என்றார். அவருடைய நாட்டில் அந்தப் புத்தகத்தின் புதிய பதிப்பு வரவிருந்தது. கடலின் வாயில் அந்தக் கேள்வியை எபிரேயத்தில் வைத்து அனுப்பினார். பதிப்பகத்தில் இருந்த இளம் பெண், பிள்ளைகளுக்குக் குழப்பமாக இருக்கும் என்று அதை எடுத்துவிட்டாள். தொலைபேசியில் அவர் கத்தியதை நான் பக்கத்திலிருந்து கேட்டேன். ஒன்றும் நடக்கவில்லை. அதே வருடம் அவருடைய பழைய மொழிபெயர்ப்புகளில் மிகவும் பேர்போனதை நிறுத்திவிட்டு, புதியவர் ஒருவரைக் கொண்டு மறுபடி மொழிபெயர்த்தார்கள். புதியது வந்து சேர்ந்ததும் மூன்று பக்கம் வாசித்தார்.

"நன்றாக இருக்கிறதா?" என்று கேட்டேன்.

"நன்றாகத்தான் இருக்கிறது. அதுதான் வயிற்றெரிச்சல்," என்றார்.

தொண்ணூறுகளின் நடுவில் வீட்டை விற்றுவிட்டு ஹைஃபாவுக்கே போய்விட்டார். இங்கே இருந்தால் இன்னும் பழுதாவேன் என்றார். எங்கள் நூலகத்திலும் சமூக மொழிகள் பகுதியைக் குறைத்தார்கள். என்னைக் கவுன்சிலின் வரவேற்பு மேசைக்கு மாற்றினார்கள். பெனிபிட் என்கிற அரசு உதவிப் பணத்துக்கான படிவத்தோடு வருகிற எங்கள் ஆட்களுக்கு எந்த வரிசை என்று காட்டுகிற வேலை. சம்பளம் கூடுதல். வேலை முடிந்து வந்து, எழுத்தாளர் ஆங்கிலத்தில் விளக்கி எழுதித் தந்த இன்னொரு கதையை மெல்ல மெல்லத் தமிழில் எழுதினேன். ஒரு வயோதிபத் தபால்காரர் கோவேறு கழுதையோடு பேசுகிற கதை. அதை அச்சிட இன்றுவரை ஒருவரும் முன்வரவில்லை.

ஹைஃபாவிலிருந்து ஞாயிறு காலையில் தொலைபேசி எடுப்பார். அங்கும் அவருக்கு நிம்மதி இல்லை. கடையில் வாய் திறந்தால், நீங்கள் இங்கிலாந்திலிருந்து வந்த சுற்றுலாப் பயணியா, எபிரேயம் எங்கே இவ்வளவு அழகாகக் கற்றீர்கள் என்று கேட்கிறார்களாம்.

"என்னை!" என்றார். "அவர்களுடைய தாய்மாருக்குக் கதை கொடுத்தவள் நான்!"

பிறகு மூச்சு வாங்கிக்கொண்டு, "கழுதை தபால்காரரை எப்படிக் கூப்பிடுகிறது?" என்று கேட்டார்.

"ஐயா என்று போட்டிருக்கிறேன்."

"அது மரியாதையா?"

"மரியாதைதான்."

"கூடாது. அந்தக் கழுதைக்கு அவர் மேல் மரியாதையே இல்லை. என் கதையை நீங்கள் வாசித்தீர்களா இல்லையா?"

"வாசித்தேன். அது வெளிக்குக் காட்டுகிற மரியாதை. தமிழில் அப்படியும் சொல்லலாம்," என்றேன்.

"எனக்கு அப்படிக் கேட்கவில்லை."

"உங்களுக்குத் தமிழே தெரியாது!" என்று கத்திவிட்டேன். கணவர் பேப்பரைத் தாழ்த்தி என்னைப் பார்த்தார்.

மறுமுனையில் அவர் பக்கம் புரட்டுகிற சத்தம் கேட்டது. பிறகு, "மாற்றிவிட்டு வாசித்துக் காட்டுங்கள். அடுத்த ஞாயிறு," என்று சொல்லி, போய்வருகிறேன் என்றுகூடச் சொல்லாமல் வைத்துவிட்டார். நான் பிரதியை எடுத்து 'ஐயா'வின் மேல் கோடு போட்டு அடித்தேன். அதற்குப் பதிலாக எதைப் போடுவது என்று பின்னேரம் வரை பிடிபடவில்லை.